வரலாறு கற்போர்க்கு மூவகை நூல்கள்

ஓய்வு நேரத்தில் எதைப் படிக்கலாம் என்று கேட்போர் பலர். "நல்ல நூல்களைப் படியுங்கள்" என்று விடை கூறுவது எளிது. ஆனால், அந்த விடையால் கேட்டவர்க்குப் பயன் ஒன்றும் இல்லை. எந்த நூலை, எந்த முறையில், எதனோடு சேர்த்துப் படிப்பது என்பதை எடுத்துரைத்தால்தான் படிப்பவர்க்கு வழி தெரியும்.

எந்த நூலகத்திற்குச் சென்றாலும் வாழ்க்கை வரலாறு ஒரு புறமும், நாட்டு வரலாறு மற்றொரு புறமும், நாவல்கள் வேறொரு புறமுமாக அடுக்கப்பட்டிருக்கக் காண்கிறோம். நாவலை விரும்புவோர் வரலாற்று நூல்கள் இருக்கும் பக்கம் தலை காட்டுவதில்லை. வரலாறு கற்றோர் நாவலைப் பொழுதுபோக்கு என்று ஒதுக்குகின்றனர். அலமாரி ஒழுங்குக்காகப் பிரித்து வைத்ததை நாம் அறிவின் பிரிவாகவே கொண்டுவிட்டோம். இம்மூன்றும் ஒரே பொருளை மூன்று வகையாகக் கூறுவன. ஒன்று விட்டதை மற்றொன்று நிரப்பும். ஒன்றன் பிழையை மற்றொன்று திருத்தும். இதனைச் சில நூல்களைக் கொண்டு விளக்குவதும், மலாயா மண்ணில் வாழ்ந்து மறைந்த நம் முன்னோர் பற்றி இம்மூவகை நூல்களும் என்ன கூறுகின்றன, என்ன கூறாமல் விட்டன என்று காண்பதும் இக்கட்டுரையின் நோக்கம்.

தம் வரலாறு கூறியோர்

முதலில் வாழ்க்கை வரலாற்றை எடுத்துக்கொள்வோம். அவற்றுள்ளும் பிறர் எழுதியதைக் காட்டிலும் தாமே எழுதிவைத்தது மிகச் சிறந்தது. கண்டவர் வாய்மொழியாக வருவதால் அதற்கு ஒரு தனி உயிர் உண்டு.

புதுச்சேரியில் பிரெஞ்சு ஆளுநர் டூப்ளேயிடம் தலைமைத் துபாசியாக விளங்கியவர் ஆனந்தரங்கப் பிள்ளை. 1709-இல் பிறந்த அவர், 1736 முதல் 1761-இல் மறையும் வரையில் நாட்குறிப்பு எழுதிவந்தார். துறைமுகத்திற்கு வந்த கப்பல், அது கொணர்ந்த சரக்கு, ஆளுநர் சினந்து பேசிய பேச்சு, கடைத்தெருவில் உலவிய வதந்தி, சகுனம், சோதிடம் ஆகிய அனைத்தையும் அவர் குறித்து வைத்திருக்கிறார். 1746-இல் பிரெஞ்சுக்காரர் சென்னைப் பட்டணத்தைப் பிடித்த செய்தி ஐரோப்பியர் எழுதிய நூல்களில் படைகளின் கதையாக இருக்கும். பிள்ளையின் குறிப்பில் அது ஒரு வணிகரின் கவலையாகவும், ஓர் அலுவலரின் கணக்காகவும், ஊராரின் அச்சமாகவும் இருக்கிறது. அவருடைய தமிழும் அன்று மக்கள் பேசிய தமிழே.

இந்த ஏடுகள் அவருடைய இல்லத்திலேயே நெடுங்காலம் முடங்கிக் கிடந்தன. 1846-இல் ஒரு பிரெஞ்சுக்காரர் கண்ணில் பட்டு அவை படியெடுக்கப்பட்டன. 1904 முதல் 1928 வரையில் சென்னை அரசாங்கம் அவற்றை ஆங்கிலத்தில் 12 தொகுதிகளாக வெளியிட்டது. தமிழில் எழுதிய நூலைத் தமிழரே முதலில் ஆங்கிலத்தில் படிக்க நேர்ந்தது என்பது எண்ணிப் பார்க்கத் தக்கது.

இனி நம் நாட்டிற்கு வருவோம். 1796-இல் மலாக்காவில் பிறந்த முன்ஷி அப்துல்லாவை மலாய் மொழியின் புதிய உரைநடைக்குத் தந்தை என்று போற்றுவர். அவருடைய பாட்டன் வழி ஏமன் நாட்டிலிருந்து நாகூருக்கு வந்து, அங்கே மணம் செய்துகொண்ட ஓர் அரபு அறிஞரிடத்தில் தொடங்குகிறது. ஆகவே, அப்துல்லாவின் உடலில் தமிழ்க் குருதியும் ஓடியது. அவர் தம் வாழ்வை எழுதிய "ஹிக்காயாட் அப்துல்லா" என்னும் நூல் 1849-இல் சிங்கப்பூரில் அச்சாயிற்று. ஏ. எச். ஹில் என்பவர் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பு 1955-இல் வெளிவந்தது.

தம் தந்தை தம்மைத் தமிழ் கற்க அனுப்பியதை அப்துல்லா அந்நூலில் கூறுகிறார். மலாக்காவில் வசதியுள்ள குடும்பத்துப் பிள்ளைகள் தமிழ் கற்பது முன்னோர் காலத்திலிருந்தே வந்த வழக்கம் என்றும், கணக்கு எழுதவும் வணிகர்களோடு உரையாடவும் அது பயன்பட்டது என்றும் அவர் எழுதியுள்ளார். மலாயாவில் தமிழ் என்றால் ரப்பர் தோட்டத்தோடு வந்த மொழி என்று எண்ணுவோர் உளர். தோட்டங்கள் தோன்றுவதற்கு முன்பே அது மலாக்காத் துறையில் வாணிக மொழியாக இருந்ததை அரசாங்க அறிக்கையினும் தெளிவாக ஒரு மாணவரின் நினைவு நமக்கு எடுத்துக் காட்டுகிறது.

அதே நூலில் வருத்தம் தரும் செய்தி ஒன்றும் உண்டு. ஸ்டாம்போர்டு ராபிள்ஸ் பல்லாண்டு தேடிச் சேர்த்த மலாய் ஏட்டுச் சுவடிகள், 1824-இல் அவர் ஏறிச் சென்ற கப்பல் தீப்பற்றியபோது சாம்பலாயின. பழைய நூல்கள் மறுபடி இல்லாமல் போயினவே என்று அப்துல்லா புலம்புகிறார்.

அந்தப் புலம்பலை நினைவிற்கொண்டு டாக்டர் உ. வே. சாமிநாதையரின் "என் சரித்திரம்" படிக்கவேண்டும். 1940 முதல் ஆனந்த விகடனில் தொடர்ந்து வெளிவந்த இந்நூல், 1942-இல் ஐயர் மறைந்ததால் முற்றுப்பெறாமல் நின்றது. சிற்றிலக்கியங்களையும் புராணங்களையும் கரை கண்ட இளம் புலவராகிய அவர், 1880-ஆம் ஆண்டு அக்டோபரில் கும்பகோணத்தில் முனிசீப்பாக இருந்த சேலம் இராமசாமி முதலியாரைச் சந்திக்கிறார். சீவக சிந்தாமணியைப் படித்ததுண்டா என்னும் பொருளில் முதலியார் கேட்ட கேள்வி ஐயரின் வாழ்க்கையையே திருப்பிவிட்டது. ஏழாண்டு உழைப்பிற்குப் பின் 1887-இல் சிந்தாமணி அச்சில் வந்தது. 1892-இல் சிலப்பதிகாரமும், 1894-இல் புறநானூறும், 1898-இல் மணிமேகலையும் தொடர்ந்தன.

ஏடு தேடிக் கரிவலம்வந்தநல்லூர் சென்றபோது, சிதைந்த பழைய சுவடிகளை நெய்யில் தோய்த்துத் தீயிலிட்டுவிட்டதாகக் கோயிலார் கூறக் கேட்டு ஐயர் துடித்த துடிப்பு அந்நூலில் பதிவாகியிருக்கிறது. கடலில் ஒரு தீ. கோயிலில் ஒரு தீ. எழுதியதைக் காக்காவிட்டால் என்ன ஆகும் என்பதை இவ்விரு தன்வரலாறுகளும் ஒருங்கே உணர்த்துகின்றன.

தன்வரலாற்றிற்கும் ஒரு குறை உண்டு. எழுதுபவர் தம்மை நடுவில் நிறுத்தியே உலகத்தைக் காண்பார். ஆனந்தரங்கப் பிள்ளை தம் செல்வாக்கைக் குறைத்துச் சொல்பவரல்லர். சிங்கப்பூர் தோன்றிய முதல் நாட்களைப் பற்றி அப்துல்லா எழுதுவது பெரும்பாலும் பிறர் வாய்க் கேட்டதே. சாட்சி நேர்மையானவராக இருந்தாலும் அவர் நின்ற இடத்திலிருந்து தெரிந்ததைத்தான் கூறமுடியும். அதனால்தான் வரலாற்றாசிரியர் தேவைப்படுகிறார்.

ஒரு கல்வெட்டும் இரு அறிஞரும்

வரலாற்றாசிரியர் பல சாட்சிகளையும் ஒப்பிட்டு ஆராய்கிறார். அவர் எவ்வாறு ஆராய்கிறார் என்பதை அறியச் சோழர் வரலாறே தக்க எடுத்துக்காட்டு.

இரண்டாம் ஆதித்தன் எனப்படும் ஆதித்த கரிகாலன் சுந்தர சோழரின் மூத்த மகன், இராசராசனின் தமையன். பட்டத்திற்கு உரியவனாக இருந்த அவன் கொலையுண்டான். அவனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், இரவிதாசன், பரமேசுவரன் முதலியோரைக் காட்டுமன்னார்கோயிலை அடுத்த உடையார்குடிக் கல்வெட்டு பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. அவர்களுடைய சொத்துகளையும் உறவினர் சொத்துகளையும் கைப்பற்றிய செய்தி இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டில் எழுதப்பட்டது. கொலைக்குப் பின் அரியணை ஏறியவன் இராசராசன் அல்லன். அவனுடைய சிறிய தந்தை முறையினனாகிய உத்தம சோழன். அவன் காலமெல்லாம் கடந்து, 985-இல் இராசராசன் பட்டம் எய்திய பின்னரே கொலையாளிகள் மீது இந்நடவடிக்கை பற்றிய சான்று கிடைக்கிறது.

இவ்வளவே சான்று. இதிலிருந்து பேராசிரியர் கே. ஏ. நீலகண்ட சாஸ்திரியார், தாம் ஆங்கிலத்தில் எழுதிய "சோழர்கள்" என்னும் பெருநூலில், கொலையில் உத்தம சோழனுக்குத் தொடர்பு இருந்திருக்கவேண்டும் என ஐயுற்றார். "பிற்காலச் சோழர் வரலாறு" எழுதிய தி. வை. சதாசிவ பண்டாரத்தார் அதனை மறுத்து, உத்தம சோழனுக்கு அதில் பங்கில்லை எனக் கொண்டார். கல் ஒன்றே, அதைப் படித்த அறிஞர் இருவரும் பெரும் புலமை உடையவரே, முடிவு மட்டும் வேறு. வரலாறு என்பது மனப்பாடம் செய்யவேண்டிய ஆண்டுகளின் பட்டியல் என்று பள்ளியில் கற்று அஞ்சியவர்கள் இவ்விரு நூல்களையும் அடுத்தடுத்து வைத்துப் படித்துப் பார்க்கட்டும். அது சான்றுகளை எடைபோடும் கலை என்பது அவர்களுக்குத் தெளிவாகும்.

இனி நாவலைக் காண்போம். 1950-இல் தொடங்கி 1954 வரையில் கல்கி வார இதழில் "பொன்னியின் செல்வன்" வெளிவந்தது. ஆதித்த கரிகாலனின் கொலையே அக்கதையின் நடுமுடிச்சு. அறிஞர்கள் ஐயத்தோடு நிறுத்திக்கொண்ட இடத்தில் கல்கி கற்பனையைத் தொடங்குகிறார். வந்தியத்தேவன் என்னும் பெயர், இராசராசனின் தமக்கை குந்தவையாரின் கணவர் பெயராகத் தஞ்சைப் பெரியகோயில் கல்வெட்டில் காணப்படுகிறது. அவரைப்பற்றி வேறு செய்தி அரிது. அந்த ஒரு பெயரிலிருந்து ஐந்து பாகக் கதையின் நாயகனை ஆசிரியர் படைத்துவிட்டார். நந்தினியோ முழுதும் கற்பனை.

இதனால் நாவல் பொய் என்று ஒதுக்கலாமா? கூடாது. கல்வெட்டு, கொலை நடந்தது என்று மட்டும் கூறும். கொலை நடந்த அரண்மனையில் ஒருவரை ஒருவர் நம்பமுடியாமல் வாழ்ந்த மக்களின் நெஞ்சத்தைக் காட்டுவது நாவல். ஆனால், நந்தினியை வரலாற்றில் தேடுவதும், கதையில் வந்த உரையாடலைச் சான்றாக மேற்கோள் காட்டுவதும் தவறு. பண்டாரத்தாரையும் கல்கியையும் சேர்த்துப் படித்தவர் இத்தவற்றைச் செய்யமாட்டார்.

கடாரத்திலிருந்து தோட்டத்திற்கு

இராசராசனின் மகன் இராசேந்திரன் 1025-ஆம் ஆண்டளவில் கடாரத்தின் மீது படை செலுத்தினான். கடாரம் என்பது நம் கெடா என்று அறிஞர் பெரும்பாலோர் கொள்வர். அங்குள்ள பூஜாங் பள்ளத்தாக்கில் கிடைத்த பழங்கோயில் சிதைவுகளில் ஒன்றான புக்கிட் பத்து பகாட் கோயில் 1960-ஆம் ஆண்டளவில் மீண்டும் எடுத்துக் கட்டப்பட்டது. இராசேந்திரனை நாயகனாக வைத்து அகிலன் எழுதிய "வேங்கையின் மைந்தன்" 1963-ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி பரிசைப் பெற்றது.

அதே அகிலன் 1970-களில் மலேசியாவுக்கு வந்து சென்றபின் "பால்மரக் காட்டினிலே" என்னும் நாவலை எழுதினார். அதில் அரசனும் இல்லை, கப்பற்படையும் இல்லை. ரப்பர் மரம் சீவும் தமிழ்த் தொழிலாளரே அதன் மாந்தர். ஒரே ஆசிரியரின் இவ்விரு நூல்களுக்கும் இடையே நம் வரலாற்றின் பெரும்பகுதி அடங்கியிருக்கிறது. நம்மிற் பலர் முதல் நூலைப் படித்துப் பெருமை கொள்கிறோம். இரண்டாவது நூல் கூறும் வாழ்க்கையோ நம் தாத்தாவும் பாட்டியும் வாழ்ந்த வாழ்க்கை.

அவர்களுடைய வரலாற்றை அறிய இரண்டு நூல்கள் இன்றியமையாதவை. கெர்னியல் சிங் சாந்து எழுதிய "மலாயாவில் இந்தியர்" 1969-இலும், மலாயாப் பல்கலைக்கழகத்தில் வரலாற்றுப் பேராசிரியராக இருந்த சின்னப்பா அரசரத்தினம் எழுதிய "மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் இந்தியர்" 1970-இலும் வெளிவந்தன. இரண்டும் ஆங்கில நூல்கள். சஞ்சிக்கூலி முறை 1910-இல் ஒழிக்கப்பட்டதையும், கங்காணி முறை வளர்ந்த விதத்தையும், 1938-இல் இந்திய அரசாங்கம் கூலியாட்களை உதவி கொடுத்து அனுப்புவதைத் தடை செய்ததையும் இவற்றில் விரிவாகக் காணலாம்.

சாந்து தரும் ஒரு கணக்கு நம்மைத் திடுக்கிடச் செய்வது. 1786 முதல் 1957 வரையில் மலாயாவுக்கு வந்த இந்தியர் ஏறத்தாழ 42 இலட்சம். திரும்பிச் சென்றோர் ஏறத்தாழ 30 இலட்சம். எஞ்சியோர் 12 இலட்சம் இருக்கவேண்டும். அவர்களுக்குப் பிறந்த பிள்ளைகளையும் சேர்த்தால் தொகை இன்னும் பெருகியிருக்கவேண்டும். ஆனால் 1957-இல் சிங்கப்பூரையும் சேர்த்து இருந்தவர் ஏறத்தாழ 8 இலட்சத்து 58 ஆயிரம் பேரே. அவர்களிலும் நூற்றுக்கு 62 பேர் இங்கேயே பிறந்தவர்கள். அப்படியானால் வந்து தங்கிய அந்தப் பன்னிரண்டு இலட்சத்தில் பெரும்பகுதி என்ன ஆயிற்று? நோயும் பாம்புக்கடியும் களைப்பும் ஊட்டமின்மையும் அவர்களை விழுங்கிவிட்டன என்பதே சாந்து கூறும் விடை.

வரலாற்று நூலின் வலிமை இது. எந்தத் தனி மனிதரும் கண்டிருக்க முடியாத இழப்பை ஒரு கழித்தல் கணக்கு காட்டிவிடுகிறது. அதன் எல்லையும் இங்கேயே இருக்கிறது. இறந்தவர் ஒருவரின் பெயரைக்கூட அக்கணக்கால் சொல்லமுடியாது.

பெயரற்றோர் வரலாறு

சயாம்-பர்மா ரயில்பாதை இதற்கு மிகத் துயரமான சான்று. 1942-இலும் 1943-இலும் ஜப்பானியர் அமைத்த அப்பாதையின் நீளம் ஏறத்தாழ 415 கிலோமீட்டர். அதில் வேலை வாங்கப்பட்ட நேச நாட்டுப் போர்க்கைதிகள் ஏறத்தாழ 60,000 பேர். அவர்களில் இறந்தோர் 12,000-க்கு மேல். ஆசியத் தொழிலாளர் தொகையோ ஓர் இலட்சத்திற்கும் மிகுதி. மலாயாவிலிருந்து சென்றோரிற் பெரும்பாலார் தோட்டத் தமிழர். நல்ல கூலி என்று முதலில் ஆசை காட்டினர். பின்னர் வலிந்து பிடித்துச் சென்றனர். வாந்திபேதியாலும் பசியாலும் அடியாலும் அவர்கள் பல்லாயிரக்கணக்கில் மாண்டனர். எத்தனை ஆயிரம் என்பதில் நூலுக்கு நூல் வேறுபாடு இருக்கிறது.

போர்க்கைதிகளுக்குப் படைப்பதிவேடு இருந்தது. காஞ்சனபுரியில் அவர்களுக்கு ஏறத்தாழ 7,000 கல்லறைகள் ஒழுங்காக அமைக்கப்பட்டுள்ளன. உயிர் பிழைத்தவர்கள் தன்வரலாறுகள் எழுதினர். 1952-இல் பிரெஞ்சு எழுத்தாளர் பியேர் பூல் "குவாய் ஆற்றுப் பாலம்" என்னும் நாவலை எழுதினார். 1957-இல் அது திரைப்படமாகி உலகெங்கும் ஓடியது. போருக்கு முன் மலாயாவிலேயே ரப்பர் தோட்டத்தில் பணியாற்றியவர் அவர். தமிழ்த் தொழிலாளரை அவர் அறியாதவரல்லர். எனினும் அவர் கதையின் நடுவில் நிற்பவர்கள் ஆங்கிலேயக் கைதிகள். திரைப்படத்தைப் பார்த்துவிட்டு அதுவே வரலாறு என்று எண்ணுபவர், அப்பாதையில் மிகுதியாக மாண்டவர் யார் என்பதை அறியாமலேயே போய்விடுவார்.

இங்குத்தான் நம் எழுத்தாளரின் தொண்டு சிறக்கிறது. மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகம் "சயாம் மரண ரயில்" என்னும் தமிழ் நாவலில் தோட்டத்திலிருந்து பிடித்துச் செல்லப்பட்டவர்களை நடுவில் நிறுத்தினார். தன்வரலாறு எழுதத் தெரியாத மக்களுக்கு அந்நாவல் ஓரளவு தன்வரலாறாகவும் நிற்கிறது.

அதே ஜப்பானியர் காலத்தை வேறொரு பக்கத்திலிருந்து காட்டுபவர் ப. சிங்காரம். சிவகங்கைச் சீமையின் சிங்கம்புணரியில் 1920-இல் பிறந்து, இளமையில் மைடான் நகரில் கடைவேலைக்குச் சென்று, போர் முடிந்தபின் 1946-இல் ஊர் திரும்பியவர் அவர். "கடலுக்கு அப்பால்" 1959-இலும், "புயலிலே ஒரு தோணி" 1972-இலும் வெளிவந்தன. வட்டிக்கடைகளும் பினாங்குத் தெருக்களும் இந்திய தேசிய இராணுவமும் அவற்றில் உயிரோடு காட்சி தருகின்றன. நாவல் என்னும் பெயரில் இருந்தாலும், கண்டவர் ஒருவரின் கண் அவற்றின் பின்னே இருப்பதைப் படிப்போர் உணர்வர்.

படிக்கும் முறை

எனவே வாசகர்கள் ஒரு பொருளுக்கு மூன்று நூல் என்னும் கணக்கில் படிக்கத் தொடங்கலாம். சோழர் காலத்தை விரும்புவோர் பண்டாரத்தாரையும் கல்கியையும் படித்து, அவற்றோடு அக்காலக் கல்வெட்டுகளின் அச்சுப்படி ஒன்றையும் புரட்டிப் பார்க்கட்டும். அரசர்கள் தம் வரலாற்றைக் கல்லில் எழுதியமையால் அவையே அக்காலத்துத் தன்வரலாறுகள். மலாயாவை அறிய விரும்புவோர் அப்துல்லாவில் தொடங்கி, அரசரத்தினத்திற்குச் சென்று, சிங்காரத்திலும் சண்முகத்திலும் முடிக்கட்டும். நாவலில் ஒரு நிகழ்ச்சி நெஞ்சைத் தொட்டால், அது நடந்ததா என்று வரலாற்று நூலில் தேடவேண்டும். வரலாற்று நூலில் ஓர் எண் திடுக்கிடச் செய்தால், அந்த எண்ணுக்குள் இருந்த மனிதர்களை நாவலிலும் தன்வரலாற்றிலும் தேடவேண்டும்.

அவ்வாறு தேடும்போது ஒரு வெற்றிடம் புலப்படும். துபாசி எழுதினார், முன்ஷி எழுதினார், புலவர் எழுதினார், போர்க்கைதியும் எழுதினார். பால் மரம் சீவியவரும், காடு வெட்டியவரும், தண்டவாளத்திற்கு மண் சுமந்தவரும் பெரும்பாலும் எழுதவில்லை. அவர்களுக்குக் கல்வி கிட்டவில்லை, ஓய்வும் கிட்டவில்லை. சாந்துவின் கணக்கில் குறைந்துபோன இலட்சங்களைப் பற்றி எந்த அலமாரியிலும் தன்வரலாறு இல்லாததற்குக் காரணம் இதுவே.

ஆயினும் அவர்களுடைய மக்களும் பேரப்பிள்ளைகளும் நம்மிடையே இருக்கின்றனர். எந்த ஊரிலிருந்து வந்தோம், எந்தக் கப்பலில் வந்தோம், எந்தத் தோட்டத்து லயத்தில் பிறந்தோம், சயாமுக்குப் போன பெரியப்பா பெயர் என்ன என்பனவற்றை இன்னும் பல வீடுகளில் முதியவர்கள் சொல்லக்கூடும். ஒரு பள்ளிக்கூட நோட்டுப் புத்தகத்தில் அவற்றைத் தேதியும் பெயரும் தவறாமல் எழுதிவைத்தால், வருங்கால வரலாற்றாசிரியருக்கு அஃது ஓர் ஆவணமாகும். வருங்கால நாவலாசிரியருக்கு வித்தாகும். கப்பலில் எரிந்த சுவடியையும் கோயிலில் எரிந்த ஏட்டையும் இனி எவராலும் மீட்க முடியாது. முதியவர் நினைவில் இருப்பதை இன்றும் எழுதிக்கொள்ள முடியும்.